காற்றுக்கும் கட்டணம்

மனைவி காலமான பிறகு எங்கள் ஆஸ்டின் டவுன் வீட்டில் நான் ஒருவன்தான். இருபத்துநான்கு இட்லி வேகும் பாத்திரம் எனக்கு எதற்கு? பழைய பொருள் விற்கும் இணையதளம் ஒன்றில் தொள்ளாயிரம் ரூபாய்க்குப் போட்டேன். மூன்றே நாளில் விற்றது. நசுங்கிவிடக் கூடாதே என்று டிவி வந்த பெட்டியில் வைத்து, செய்தித்தாள் திணித்து அனுப்பினேன். கைக்கு வந்தது நூற்று எழுபது.

கமிஷன் தெரியும், அதன் மேல் வரியும் தெரியும். மீதி எங்கே? சேவை மையத்துக்குப் போன் செய்து, என் முப்பது வருடக் கன்னடத்தில் ஆரம்பித்தேன். எதிர்முனைப் பெண் இரக்கப்பட்டுத் தமிழுக்கு மாறினார்.

"எடை கம்மியா இருந்தாலும் பெட்டி சைஸுக்குத்தான் சார் கூரியர் சார்ஜ். நீங்க பாத்திரத்தோட காத்தையும் சேத்து அனுப்பியிருக்கீங்க."

"வீட்ல அதுதாம்மா நிறைய இருக்கு."

சிரித்தார். "வேற ஏதாவது உதவி வேணுமா சார்?" என்றார். அவசரமாக யோசித்தும் எனக்கு ஒரு சந்தேகமும் கிடைக்கவில்லை.

இப்போதெல்லாம் பொருளுக்கேற்ற பெட்டியைத் தேடி, டேப்பால் அளந்து, தளத்திலேயே உள்ள கட்டணக் கால்குலேட்டரில் போட்டு, மிஞ்சுவதைப் பார்த்த பிறகே விலை வைக்கிறேன். நேற்று, இரண்டு பேருக்குச் சமைக்கும் சின்னக் குக்கரை அளந்தேன். நல்ல லாபம் என்றது கணக்கு. இன்னும் விற்பனைக்குப் போடவில்லை.