சங்குச் சத்தம் இல்லாத காட்சி

எங்கள் எடிட்டிங் கூடத்தில் 'கூட்டம்' என்று ஒரு ஃபோல்டர் உண்டு. சீரியலோ ஆவணப்படமோ, ஆவேசப்பட்ட ஜனம் வேண்டுமென்றால் எல்லோரும் அதற்குள்தான் கையை விடுவார்கள். எந்த ஊர், எதற்காக ஓடுகிறார்கள் என்று ஒருவரும் கேட்பதில்லை. ஓடினால் போதும்.

வைட்ஃபீல்டில் இருக்கும் அந்தக் கூடத்தில் எனக்கு சப்டைட்டில் வேலை. பல வருஷங்களுக்கு முன் பெங்களூரில் நடந்த ஒரு கலவரத்தையும், அதில் துப்புத் துலங்காமல் போன கொலையையும் பற்றிய தொடர் ஒன்றின் முன்னோட்டம் போன மாதம் என்னிடம் வந்தது. அதில் கடப்பாரையைத் தூக்கிக்கொண்டு கத்தியபடி ஒருவர் ஓடி வருகிறார். என் அப்பா.

அப்பா கோலார் தங்கச் சுரங்கத்தில் வேலை பார்த்தவர். ஒருநாள் சுரங்கம் சரிந்து ஆபத்துச் சங்கு ஊதியதும், உள்ளே மாட்டியவர்களை மீட்கக் கைக்குக் கிடைத்ததோடு ஓடியவர்களில் அவரும் ஒருவர். அன்றைக்கு யாரோ படம் பிடித்தார்கள் என்று வீட்டில் பேச்சு உண்டு. தொடர் எடுத்தவர்கள் சங்குச் சத்தத்தை நீக்கிவிட்டு வெறிக்கூச்சலை ஒட்டியிருந்தார்கள். எனக்கு உடம்பெல்லாம் எரிந்தது.

தயாரிப்பாளரிடம் போய்ச் சொன்னேன். வேறெங்கோ எடுத்த பழைய படம் என்று தெரிய ஓரத்தில் 'கோப்புக் காட்சி' என்று போட்டிருக்கிறதே, அந்தக் காலத்து முகத்தை இப்போது யாருக்குத் தெரியும் என்றார். மாற்றச் சொல்கிறேன் என்று ஒப்புக்குச் சொன்னார். மாற்றவில்லை. செல்போனில் பார்ப்பவர்களுக்காக அதை நெட்டுவாக்கில் வெட்டினார்கள், ஓரத்து எழுத்தும் வெட்டுப்பட்டுப் போனது. மிஞ்சியது அப்பாவின் முகமும், கீழே கன்னடத்தில் ஒரு வரியும்தான். கொன்றவர்கள் இன்னும் இந்த ஊரில்தான் இருக்கிறார்கள், யாரையாவது அடையாளம் தெரிகிறதா என்று கேட்டது அந்த வரி.

மெட்ரோவில் வரும்போது அது என் போனுக்கே வந்து சேர்ந்தது. இறங்கியதும் ஒக்கலிபுரத்து வீட்டுக்கு ஓடினேன். அப்பா வெளுத்த சட்டை போட்டுக்கொண்டு கையில் போனோடு உட்கார்ந்திருந்தார். சுரங்க வெடிச்சத்தத்தில் காது மந்தமானவர், கன்னடம் பேசுவாரே தவிர படிக்கத் தெரியாது.

"நான்தாம்மா இது. எப்டி இருக்கேன் பாரு," என்றார்.

அவர் முகத்தில் அவ்வளவு சந்தோஷத்தை நான் பார்த்ததே இல்லை. அதுதான் என்னைக் கொன்றது. டீக்கடையில் எல்லோருக்கும் காட்டினாராம். யாரும் வாயே திறக்கவில்லையாம். நம்பவில்லை போலிருக்கிறது என்று, கடப்பாரையை எப்படி ஓங்கிப் பிடித்தார் என்பதையும் செய்து காட்டினாராம்.

அவர் காதருகே குனிந்து, அங்கே யாரெல்லாம் இருந்தார்கள் என்று கேட்டேன்.

"தெரிஞ்சவங்கதான். ரெண்டு பேரு மட்டும் புதுசு. நீதானா, நீதானான்னு அவங்கதான் திருப்பித் திருப்பிக் கேட்டாங்க. வூட்டக் காமிச்சிட்டு வந்தேன். இன்னும் ஆளுங்களக் கூட்டிக்கினு வராங்களாம். டீ போட்டு வையி."

நான் போய்க் கதவைத் தாழிட்டேன். அவர் எழுந்து வந்து, வருகிறவர்கள் என்ன நினைப்பார்கள் என்று என்னைக் கடிந்துகொண்டு, கதவை அகலத் திறந்து வைத்தார்.