கழற்றக் கழற்ற வந்த சீட்டாட்டம்

என் வீட்டு வாசலில் ஒரு பலகை தொங்குகிறது. சத்தியப்பிரமாண மொழிபெயர்ப்பாளர் என்று அதில் மூன்று மொழியிலும் எழுதியிருக்கிறது. நீதிபதி ஒருவர் முன்னால் சத்தியம் செய்து பெற்றுக்கொண்ட தொழில் இது. அந்த ஒரு சத்தியத்தை இருபத்தைந்து வருடமாகக் காப்பாற்றி வருகிறேன். இந்த வருடம் பங்குனிக்கும் சித்திரைக்கும் இடையில் நான் செய்த மற்றச் சத்தியங்களில் ஒன்றுகூட ஒரு முழு நாள் உயிரோடு இருக்கவில்லை.

பழைய கொம்பியூட்டர் மாசி மாதம் புகை விட்டுச் செத்தது. காலி வீதிக் கடையொன்றில் புது லப்டொப் வாங்கினேன். "எல்லாம் உள்ளுக்குப் போட்டே வருது சேர், நீங்கள் ஒண்டும் போடத் தேவையில்லை" என்றார் விற்றவர். அவர் சொன்னது உண்மை. வீட்டுக்குக் கொண்டுவந்து திறந்தேன். விண்டோஸ் முதல் பக்கத்தில் கடிதம் எழுதும் செயலிக்குப் பக்கத்தில், நான் கேட்காமலே, ஒரு சீட்டாட்டம் உட்கார்ந்திருந்தது. கறுப்பு மேல் சிவப்பு, சிவப்பு மேல் கறுப்பு என்று ஒருவர் தனியாக அடுக்கி விளையாடுகிற ஆட்டம். அதற்குக் கீழே இன்னும் நாலைந்து விளையாட்டுகள். இனிப்பு உருண்டைகளை வரிசைப்படுத்துவது, தோட்டம் போடுவது. அவற்றை நான் சீண்டவில்லை. எனக்கும் ஒரு தராதரம் உண்டு.

சீட்டாட்டத்தை என்னவென்று பார்ப்பதற்காகத் திறந்தேன். அன்று மத்தியானம் சாப்பிட்டேனா என்று எனக்கு இன்றைக்கும் நிச்சயமில்லை.

வருஷப்பிறப்புக்குக் கூடியிருந்து முந்நூற்றிநாலு என்ற சீட்டு விளையாடுவது எங்கள் ஆட்களுக்குப் பழக்கம்தான். ஆனால் அதற்கு நாலு பேர் வேண்டும். மூன்றாவது கையிலேயே ஒருவர் கோபித்துக்கொண்டு எழும்பிவிடுவார், ஆட்டம் தானாக நின்றுவிடும். இதில் கோபிக்க ஆளில்லை. தோற்றால் உடனே புதுக்கட்டு. மனிதன் வீழ்ந்துபோவதைப் பற்றிய தடித்த நாவல்கள் ஓர் அலுமாரி நிறைய என்னிடம் இருக்கின்றன. எல்லாவற்றையும் வாசித்து, ஓரத்தில் பென்சிலால் குறிப்பும் எழுதியவன் நான். அந்த அலுமாரிக்கு முதுகைக் காட்டிக்கொண்டுதான் விளையாடினேன்.

அந்த வாரம்தான் கொட்டாஞ்சேனையிலிருந்து அந்தப் பெண் வந்தாள். தையல் கடையொன்றில் வேலை. புருஷன் ஐரோப்பாவில், போய் ஆறு வருடம். போகும்போது தவழ்ந்துகொண்டிருந்த மகள் இப்போது பள்ளிக்கூடம் போகிறாள். தாயையும் மகளையும் அவன் கூப்பிடுவதற்கான பத்திரங்கள், முப்பத்தெட்டுப் பக்கம், பெரும்பாலும் சிங்களத்தில், எல்லாம் ஆங்கிலத்துக்கு வரவேண்டும். பைலை மேசையில் வைத்தபிறகும் கையை அதிலிருந்து எடுக்கவில்லை.

"பொலிஸ் ரிப்போர்ட் சித்திரை முடிய மட்டும்தான் செல்லும், அண்ணை. அதுக்குள்ள குடுக்காட்டி எல்லாம் திரும்ப முதலிலயிருந்து எடுக்க வேணும்."

"ஒரு கிழமை காணும், தங்கச்சி" என்றேன். பொய் சொல்லவில்லை. ஒரு நாளைக்கு எட்டுப் பக்கம் செய்கிறவன் நான். செய்துகொண்டிருந்தவன்.

ஒரு கிழமை கழிந்தபோது மூன்று பக்கம் முடிந்திருந்தது. மறுநாள் அவளுக்குத் தூதரகத்தில் முறை. பின்னேரம் ஏழு மணி போல அவளிடமிருந்து போன் வந்தது. நான் ஒரு கையால் போனைப் பிடித்துக்கொண்டு மற்றக் கையால் ஒரு ராஜாவை வெற்றிடத்துக்கு நகர்த்தினேன்.

"பத்திரம் எடுக்க வரலாமோ, அண்ணை?"

"தங்கச்சி, இஞ்ச ரெண்டு நாளாக் கரண்ட் இல்லை. லப்டொப்பும் செத்துப்போச்சு. என்ன செய்யிறதெண்டு தெரியேல்லை."

கரையோர ரயில் ஒன்று எங்கள் ஒழுங்கைக் கோடியால் இரைந்துகொண்டு போனது. போனுக்குள்ளும் ஏதோ இரைந்தது. பிறகு "சரி அண்ணை" என்றாள். அவ்வளவுதான். ஏசியிருந்தால் எனக்கு உதவியாக இருந்திருக்கும். யார் யாரையோ பிடித்து, வருஷப்பிறப்பு விடுமுறைக்குப் பிறகு வரும் திங்கட்கிழமை பதினொரு மணிக்கு வேறு முறை எடுத்துக்கொண்டாள். அதுதான் கடைசி. அதற்குப் பிறகு கிடைப்பது எதுவும் வைகாசிக்குத்தான்.

அன்றைக்கு எனக்குப் பயம் பிடித்தது. ஆட்டத்தின் படத்தில் வலது சொடுக்குச் செய்து, முதல் பக்கத்திலிருந்து நீக்கு என்று கொடுத்தேன். படம் போனது. நெஞ்சு லேசானது. அரை மணித்தியாலத்தில் பட்டியலில் தேடிப் பார்த்தேன், அங்கே பத்திரமாக இருந்தது. வாசலில் இருந்தவரை உள்ளறைக்கு அனுப்பியிருக்கிறேன், வேறொன்றுமில்லை.

அடுத்த நாள் முறையாக அன்இன்ஸ்டோல் கொடுத்தேன். உண்மையாகவே போனது. மூன்று பக்கம் மொழிபெயர்த்தேன். நாலாவது பக்கத்தில் கிராம சேவகரின் கையெழுத்து விளங்காமல் போகவே, கண்ணுக்கு ஓய்வு கொடுப்போம் என்று செயலிக் கடையைத் திறந்தேன். அங்கே அதே ஆட்டம், இலவசம், ஒரே அழுத்து. அதை யாரும் என் கொம்பியூட்டரில் திருப்பிப் போடவில்லை. நானே போட்டேன். இப்படிப் பத்து நாளில் ஏழு தரம் கழற்றினேன், ஏழு தரமும் திருப்பிப் போட்டேன்.

மனைவி வங்கியில் வேலை செய்கிறாள். அங்கே ஒரு நாள் முழுக்க மற்றவர்களின் பொய்களைக் கேட்டுவிட்டுத்தான் வீட்டுக்கு வருவாள்.

"என்னப்பா, அழிச்சிட்டன் எண்டு காலமை சொன்னீங்கள்."

"அழிச்சனான்."

"அப்ப இது என்ன?"

"இது வேற."

"ஓ. ராணியின்ர மூஞ்சி மட்டும் ஒண்டோ?" தேத்தண்ணியை மேசையில் வைத்தாள். "அந்தப் பிள்ளை என்னெண்டு உங்களை நம்பித் தந்தது? பலகையைப் பார்த்துத்தானே?"

இப்படியிருக்கையில்தான் வருஷப்பிறப்பு வந்தது. எனக்கு ஒரு யோசனையும் வந்தது. இந்த லப்டொப்பில் எனக்கிருந்த பயனர் பெயர் பழுதாகிவிட்டது. அதற்குள்தான் எல்லாப் பாவமும் இருக்கிறது. புதிதாக ஒரு பயனரை உருவாக்கி, வேலைக்கு மட்டும் என்று வைத்துக்கொண்டால் என்ன? அதையும் வேலை தொடங்குவதற்கு நல்ல நேரம் பார்த்துச் செய்தால் என்ன? கோயில் பக்கம் அதிகம் போகாதவன் நான். ஆனால் முப்பத்தொரு பக்கம் மிச்சமிருக்கிற மனிதனின் நாத்திகத்தைப் பெரிதாக எடுக்கக்கூடாது.

எங்கள் ஆட்களுக்குப் பஞ்சாங்கம் இரண்டு. வாக்கியம் ஒரு நேரம் சொன்னது, திருக்கணிதம் இன்னொரு நேரம் சொன்னது. இந்தச் சண்டையில் இதுவரை நான் எந்தப் பக்கமும் நின்றதில்லை. இந்த முறை எது பிந்தியதோ அதன் பக்கம் சேர்ந்தேன். இடையில் கிடைத்த நேரத்தில் பழைய பயனருக்கு ஒரு பிரியாவிடை ஆட்டம் தேவைப்பட்டது. ஆறு ஆட்டம் முடிந்த பிறகு, அதைக் கடைசி முறையாகக் கழற்றினேன்.

மருத்துநீர் வைத்துத் தலைமுழுகி, பஞ்சாங்கம் சொன்ன நிறத்தில் சேர்ட் போட்டு, சொன்ன திசையைப் பார்க்க மேசையைத் திருப்பிப் போட்டேன். மனைவி கைவிசேஷக் காசு தந்துவிட்டு, மேசை இழுபட்ட கீறலைப் பார்த்தபடி நின்றாள். சரியான நிமிடத்தில் புதுப் பயனரைப் பதிந்தேன். பெயர்: வேலை. திரை நீலமானது. வரவேற்கிறோம் என்றது. எல்லாம் தயாராகிக்கொண்டிருக்கிறது, கொஞ்சம் பொறுங்கள் என்றது. பொறுத்தேன். கண்கூடக் கலங்கியது.

திரை விரிந்தது. முதல் பக்கத்தில், கடிதம் எழுதும் செயலிக்குப் பக்கத்தில், சீட்டாட்டம். அதற்குக் கீழே இனிப்பு உருண்டை. அதற்குக் கீழே தோட்டம். ஒன்றும் குறையவில்லை.

மனைவி என் தோளுக்கு மேலால் எட்டிப் பார்த்தாள். "நல்ல நேரம்தான்" என்று சொல்லிவிட்டு, பொங்கலை இறக்கப் போனாள்.

அன்றும் அடுத்த நாளும் நான் என்ன செய்தேன் என்பதை எழுதத் தேவையில்லை. புதுப் பயனருக்கு ஆட்டக் கணக்கெல்லாம் பூச்சியத்திலிருந்து தொடங்கியது. அது ஒரு தனி இன்பம்.

வெள்ளிக்கிழமை காலையில் கண்ணாடியில் முகம் பார்த்துப் பல் தீட்டும்போது, அந்தப் பெண்ணின் பத்திரங்களுக்கு இன்னும் மூன்று நாள்தான் இருக்கிறது என்பது உறைத்தது. லப்டொப்பைத் தூக்கிக்கொண்டு வீதிக்கு வந்தேன். விடுமுறை முடியாததால் பாதிக் கடைகள் பூட்டு. பாமன்கடைப் பக்கமாக நடந்து, ஒரு மாடிப்படியில் ஏறினால், கொம்பியூட்டர் திருத்தும் முஸ்லிம் நானா ஒருவரின் கடை மட்டும் திறந்திருந்தது. என்னைவிட மூத்தவர். மூக்குக் கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டுத்தான் திரையைப் பார்ப்பார்.

"கேம் எல்லாத்தையும் அடியோட கழற்ற வேணும், நானா."

"புள்ள விளையாடுதா சேர்?"

"ஓம்."

"எத்தின வயசு?"

கொஞ்சம் யோசித்தேன். "ஐம்பத்திமூண்டு."

அவர் சிரிக்கவில்லை. கதிரையை இழுத்து எனக்குப் போட்டார். நான் புதுப் பயனர் கதையைச் சொன்னேன், நல்ல நேரத்தை மட்டும் விட்டுவிட்டு.

"நீங்க கழற்றினது உங்கட பேர்ல இருந்தத மட்டும்தான் சேர். மூலப் பொதி உள்ளுக்கு அப்பிடியே இரிக்கி. புதுசா ஒராள் வந்து பேர் பதிஞ்சா, அவருக்கும் ஒண்ட எடுத்துக் குடுக்கும். புதுப் பேர் போட்டு இதில இருந்து தப்ப ஏலாது."

மதங்கள் பற்றி நான் வாசித்த புத்தகங்கள் இவ்வளவு தெளிவாக இதைச் சொல்லவில்லை.

பவர்ஷெல் என்ற நீலப் பெட்டியை முழு அதிகாரத்தோடு திறந்தார். ஒரு வரி அடித்தார், இருக்கிற எல்லாப் பயனரிடமிருந்தும் ஆட்டம் போவதற்கு. இரண்டாவது வரி, இனி வரப்போகிறவர்களுக்கென்று வைத்திருந்த பொதியைத் தூக்குவதற்கு. ஒவ்வொரு விளையாட்டுக்கும் இப்படி. பிறகு, சோதனைக்கு ஒரு பயனரைப் பதிந்து காட்டினார். முதல் பக்கம் வழுக்கைத் தலைபோல இருந்தது.

"ஆனா நீங்களே செயலிக் கடைக்குப் போய் எடுத்தா, நான் ஒண்டும் செய்ய ஏலாது."

"கடையையும் கழற்றிவிடுங்கோ."

"ஷுவரா?"

"நானா, ஒரு பிள்ளையின்ர குடும்பம் என்ர மேசையில கிடக்குது."

என் முகத்தை ஒருமுறை பார்த்தார். கழற்றினார்.

அந்த மூன்று நாளும் சுகமாகப் போனது என்று யாரும் நினைக்க வேண்டாம். கை தானாகவே எழும்பி, திரையில் ஆட்டம் இருந்த இடத்துக்குப் போகும். அங்கே ஒன்றும் இராது. திருமணச் சான்றிதழ், பிறப்புச் சான்றிதழ், வதிவிடக் கடிதம் என்று பத்திரங்களை மேசையில் நிரையாகப் பரப்பி, ஒன்றின்மேல் ஒன்று வைப்பதும் எடுப்பதுமாக நிற்பதை மனைவி கண்டாள். "அதுகளையாவது கலைக்காதேங்கோ" என்றாள். ஞாயிறு மாலை கிராம சேவகரின் கையெழுத்து சீட்டுக்கட்டுப் பூவாகத் தெரிந்தது. இரவு படுக்கும்போது ஐந்து பக்கம் மிச்சம்.

திங்கள் காலை எட்டு மணிக்கே அவள் வந்துவிட்டாள். முன்னறைக் கதிரையில், பையை மடியில் வைத்துக்கொண்டு, வேலைக்குப் போகாத நாளுக்குரிய நல்ல சேலையில். "இன்னும் கொஞ்சம்தான்" என்றேன். மூன்று பக்கம். அவள் தலையாட்டினாள். நான் அடித்தேன். பொலிஸ் ரிப்போர்ட்டின் பின்பக்கம் வரை வந்துவிட்டேன்.

அப்போது, பட் பட் என்று மெல்லிய ஒரு சத்தம். எனக்கு அந்தச் சத்தம் தெரியும். திரும்பிப் பார்த்தேன். நேரம் போக்க அவள் போனில் சீட்டு அடுக்கிக்கொண்டிருந்தாள். ஆட்டம் இறுகிப்போய் நின்றது. விரல் அங்குமிங்கும் தடவிக்கொண்டிருந்தது. வழி இருந்தது. எனக்கு மட்டும் தெரிந்தது.

பல்லைக் கடித்துக்கொண்டு இரண்டு வரி அடித்தேன். மூன்றாவது வரியில் முடியவில்லை.

"தங்கச்சி, அந்தக் கறுப்பு ஏழைத் தூக்கிச் சிவப்பு எட்டில வையுங்கோ."

அவள் போனைக் குப்புறக் கவிழ்த்து மடியில் வைத்தாள். "நீங்கள் அடியுங்கோ, அண்ணை."

ஒன்பதரைக்கு முடிந்தது. உண்மையான, சரியான மொழிபெயர்ப்பு என்று உறுதி கூறுகிறேன் என்ற வாசகத்துக்குக் கீழே, முப்பத்தெட்டுத் தரம் முத்திரை குத்திக் கையெழுத்து வைத்தேன். அவசரத்தில் இரண்டு முத்திரை சரிந்துவிட்டது. அவள் எண்ணிப் பார்த்து, பையில் வைத்து, நெஞ்சோடு பிடித்துக்கொண்டு ஓட்டோவில் ஏறினாள்.

பதினொன்றே காலுக்கு ஒரு செய்தி வந்தது: "எம்பசியில பைலை எடுத்திட்டினம் அண்ணை."

நல்லது என்று அடித்தேன். அழித்தேன். பிறகு வேறொன்று அடித்து, அழிக்க முதல் அனுப்பினேன்: "அண்டைக்கு இஞ்ச கரண்ட் இருந்தது, தங்கச்சி."

நான் வெறும் திரையைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

"தெரியும். நான் வேலை முடிஞ்சு நேர வந்து, உங்கட வீட்டு வாசலில நிண்டுதான் போன் எடுத்தனான். லைட் எரிஞ்சுகொண்டிருந்தது."

ஒழுங்கைக் கோடியால் ஒரு ரயில் போனது.