லில்லிக்குப் பறிகொடுத்த புல்

வாசனை வாசனை என்று அலைகிறவர்களைக் கண்டாலே எனக்கு எரிச்சல் வரும். காரணம் என் அக்கா வீட்டுக்காரர். விருத்தாசலத்தில் ஒரு சின்னப் பீங்கான் கம்பெனியில் சூப்பர்வைசர். அவர் வீட்டுக்கும் எங்கள் வீட்டுக்கும் நடுவில் ஒரு வேலிதான். புதுச்சேரியில் யார் வீட்டு பங்களாவிலோ பார்த்தாராம், ஒரு பை லில்லிக் கிழங்கு கொண்டுவந்து வேலியோரம் நட்டார். சிலந்திக் கால் மாதிரி நீள நீளமாக வெள்ளைப் பூ. சாயங்காலம் தெருவே மணக்கும். செல்போன் வந்த புதுசு. மனுஷன் போனைப் பூவுக்குப் பக்கத்தில் பிடித்துக்கொண்டு, "வாசனை வருதா? வருதா?" என்று யாரையோ கேட்பார். இந்த ஆள் சொல்வதைக் கேட்டுத்தான் அந்தக் கம்பெனியில் சூளை எரிகிறது.

வேலிக்கு இந்தப் பக்கம் எங்கள் காலிமனை. பள்ளம். அருகம்புல் மண்டிக் கிடக்கும். என் பெண்சாதி ஒரு பசு வைத்திருந்தாள். தீவனம் வாங்கிப் போட எங்களுக்கு வக்கில்லை. புல் இருந்தால் மாடு இருக்கும், அவ்வளவுதான்.

அடுத்தடுத்த மழையில் லில்லி வேலிக்கு அடியில் புகுந்து மனைக்குள் வந்துவிட்டது. பட்டை பட்டையான இலை. அதற்கடியில் ஒரு புல் தலையெடுக்காது. மாடு முகர்ந்து பார்த்து மூஞ்சியைத் திருப்பிக்கொள்ளும். மாட்டுக்கு இருந்த அறிவு அவருக்கு இல்லை.

"மாமா, உங்க பூவு எங்க புல்லை அழிக்குது. எடுத்துடுங்க."

"ஊர்ல அவனவன் சென்ட்டு வாங்கி அடிக்கறான் மாப்ள. உனக்கு சும்மா வருது, கசக்குதா?"

"மாடு சென்ட்டத் திங்காது மாமா."

"பழக்கு. திங்கும்."

மண்வெட்டியால் நானே தோண்டினேன். பெரிய கிழங்கைச் சுற்றிப் பூண்டுப் பல் மாதிரி குட்டிக் கிழங்குகள். உதிர்ந்த ஒவ்வொன்றும் தனித்தனியாக முளைத்தது. பெண்சாதி போய் அக்காவிடம் சத்தம் போட்டாள். அக்கா அவரைப் பிடித்துத் திட்டினாள்.

அதற்கு அவர் செய்ததுதான் பெரிய கொடுமை. எங்கள் ஊரில் எந்தப் பள்ளத்தைப் பார்த்தாலும் பீங்கான் உடைசலைக் கொட்டி மூடுவார்கள். நாங்கள் ஸ்ரீமுஷ்ணத்துக்கு ஒரு கல்யாணத்துக்குப் போயிருந்தபோது, டிராக்டர் வைத்து மனை முழுக்க உடைசலைப் பரப்பிவிட்டார். உடைந்த பீங்கான் ஃப்யூஸ் கேரியர், மூக்குப் போன பொம்மைத் தலை, எல்லாம்.

"மூடியாச்சு மாப்ள. இனிமே எப்படி மொளைக்கும்?"

முளைத்தது. மழை பெய்ததும் உடைசல் சந்து வழியாக லில்லி மட்டும் ஜம்மென்று மேலே வந்தது. புல் வரவில்லை. தோண்டலாம் என்றால் மண்வெட்டி இறங்கவில்லை, ணங் ணங்கென்று பீங்கானில் மோதியது. மேய வழக்கம்போல் உள்ளே போன மாட்டின் குளம்பில் சில்லு ஏறிவிட்டது. புண் ஆறும்வரை கடன்பட்டு வைக்கோல் போட்டோம். பிறகு கம்மாபுரம் பக்கத்து ஆள் ஒருவரிடம் விற்றோம். வண்டியில் ஏற்றும்போது பெண்சாதி வெளியே வரவில்லை.

மறுநாள் காலையில், தினமும் எங்களிடம் பால் வாங்குகிற மாமா தூக்குவாளியோடு வந்தார்.

"என்ன மாப்ள, இன்னும் கறக்கலியா?"

"மனையில பூத்து நிக்குது பாருங்க. போயி அதுல கறந்துக்குங்க."

அவர் திரும்பிப் பார்த்தார். "இந்தத் தடவ நல்லாத்தான் பூத்திருக்குது, இல்ல?" என்றார்.

உள்ளேயிருந்து பெண்சாதி, "அந்த ஆளு போயிட்டாரா?" என்று கேட்டாள். அவர் காதில் விழட்டும் என்று சத்தமாகத்தான் கேட்டாள்.