ஒரு மணித்தியாலம் பிந்திய பாம்பு

1986 ஒக்ரோபர் 17, வெள்ளிக்கிழமை. பிற்பகல் 1.05க்கு டுசல்டோர்ஃப் நிலையத்தில் ரயில் ஏறினேன். ஆஹென் தொண்ணூறு கிலோமீட்டர். போகவர முப்பத்தாறு மார்க். வழியனுப்ப நடேசண்ணை வந்திருந்தார். எங்கள் அகதி விடுதியில் எனக்குப் பக்கத்துக் கட்டில்காரர், மனுஷன் வாயைத் திறந்தால் பகிடிதான்.

"மாஸ்டர், சந்திரனைப் பார்க்கவோ ஆஹெனுக்குப் போறியள்? எங்கடை யன்னலாலை பார்க்க ஏலாதோ?"

"இஞ்சை பனிப்புகார் மூடியிருக்கு அண்ணை."

"புகாரோ? அங்கை ஒரு நேர்ஸ் இருக்கிறா எண்டெல்லோ கேள்வி" என்று கண்ணடித்தார். ரயில் புறப்பட்டபடியால் தப்பினேன்.

இதே கேள்வியை வெளிநாட்டவர் அலுவலக அதிகாரியும் முதல் நாள் கேட்டிருந்தார், கண்ணடிக்காமல். அகதி மனுக் கொடுத்தவர் தன் நகர எல்லையைத் தாண்டுவதென்றால் கையில் ஓர் அனுமதித் துண்டு வேண்டும். 'காரணம்' என்ற இடத்தில் 'சந்திர கிரகணம்' என்று எழுதிக் கொடுத்தேன். அவர் இரண்டு தரம் வாசித்துவிட்டு, "சந்திரன் டுசல்டோர்ஃபிலும் உண்டே?" என்றார். பிறகு என்ன நினைத்தாரோ, முத்திரையைக் குத்தினார். ஆஹென் நகரம், ஒரு நாள், நள்ளிரவு பன்னிரண்டு மணி வரை.

காரணம் உண்மைதான். யாழ்ப்பாணத்தில் நான் பௌதிக ஆசிரியன். வாரம் ஒரு பத்திரிகையில் விஞ்ஞானப் பத்தி எழுதினவன். கிரகணத்தன்று சமைக்காதே, வெளியே போகாதே, பாம்பு சந்திரனை விழுங்குகிறது என்பவர்களை அந்தப் பத்தியில் தோலுரித்துத் தொங்கவிடுவேன். வீட்டிலும் சட்டம் போட்டிருந்தேன்: பிள்ளைக்குப் பாம்புக் கதை சொல்லக்கூடாது. மனைவி வசந்தி முகத்தைச் சுளித்தாலும் சட்டத்தை மீறவில்லை.

இப்போது அந்தப் பிள்ளை தாரணிக்கு ஐந்து வயது. அவளைப் பார்த்து ஒன்றரை வருடம். 'அப்பா சந்திரனுக்கு அங்காலையோ இருக்கிறார்?' என்று கேட்கிறாள் என வசந்தி எழுதியிருந்தாள். செப்டெம்பர் முதல் வாரத்தில் பதில் போட்டேன்: 'சந்திரனுக்கு இங்காலைதான் இருக்கிறேன். ஒக்ரோபர் 17 இரவு, உங்கள் நேரம் சரியாகப் பதினொன்று பதினொன்றுக்குச் சந்திரன் முழுக்கச் சிவக்கும். பிள்ளையை முற்றத்துக்குக் கொண்டுவந்து காட்டு. அந்த நிமிஷம் நானும் பார்த்துக்கொண்டிருப்பேன்.' ஜேர்மன் நாட்காட்டியில் 19.41 என்று போட்டிருந்ததைப் பார்த்துக் கணக்குப் பண்ணி எழுதியது. அந்தக் கடிதத்தை நம்பித்தான் இந்தப் பயணமே.

2.35க்கு ஆஹென். நிலையத்தில் சேகர் காத்திருந்தான். தமிழ்நாட்டுத் திருநெல்வேலிப் பையன், இங்கே தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்தில் என்ஜினியரிங் படிக்கிறான். நடேசண்ணை சொன்ன நேர்ஸ் குடியிருக்கும் அதே கட்டடத்தில்தான் இவனுக்கும் அறை. "சார், அக்காவுக்கு மூணு மணி வரைக்கும் டியூட்டி. என்னை உங்களை ரிசீவ் பண்ணச் சொன்னாங்க" என்று என் பையைப் பறித்துக்கொண்டான்.

அந்த நேர்ஸின் பெயர் லூர்து. பிலிப்பைன்ஸ் நாட்டுக்காரி, பனாய் என்ற தீவு. நாற்பத்திரண்டு வயது. எனக்குக் குடல்வால் வெட்டிய ஆஸ்பத்திரியில் அப்போது வேலை செய்தாள். கட்டிலில் கிடந்தபடி நான் கிழிந்த தாள் ஒன்றில் கிரகணப் படம் கீறிக்கொண்டிருந்ததைக் கண்டு, ஊசி போட வந்தவள் ஊசியை மறந்து நின்றாள். அவளும் எழுதுகிறவள். ஜேர்மனியில் வேலை செய்யும் பிலிப்பினோ நேர்ஸ்மாருக்காக மாதம் ஒரு கைப்பத்திரிகை நடத்துகிறாள். நாங்கள் பேசுவது ஆங்கிலம். இங்கே தமிழில் தருகிறேன்.

அவள் அறையில் இஞ்சித் தேநீர் குடித்துக்கொண்டே பத்திரிகையைப் பார்த்தேன். ஒவ்வொரு பக்கத்திலும் நடுவே அடிமட்டம் வைத்துக் கீறிய ஒரு கோடு. கோட்டுக்கு மேலே விஞ்ஞானச் செய்தி: அளவுகள், தூரங்கள், யார் எப்படிக் கண்டுபிடித்தார்கள் என்ற விபரம். கோட்டுக்குக் கீழே கதை. அதில் அவள் ஊர்ப் பூதங்களும் கடல் நாகங்களும் மரத்தில் குடியிருக்கும் கண்ணுக்குத் தெரியாதவர்களும் வருவார்கள்.

"இரண்டையும் ஏன் ஒரே தாளில் போடுகிறாய்? சாம்பாருக்குள் பாயாசத்தை ஊற்றின மாதிரி" என்றேன். வாத்தியார்ப் புத்தி.

"எனக்கு ஒரு சட்டம் உண்டு" என்றாள் லூர்து. "கோட்டுக்கு மேலே ஒரு பொய்யும் எழுதமாட்டேன். கோட்டுக்குக் கீழே, மேலே உள்ள உண்மை ஒன்றையும் உடைக்கமாட்டேன். நீங்கள் அறிந்தது முடிகிற இடத்தில்தான் என் கதை தொடங்கும்."

என்னிடம் இருந்த சட்டத்தைவிட அது நல்ல சட்டம்.

அடுத்த இதழில் மேல் பாதி எனக்கு, கீழ்ப் பாதி அவளுக்கு. அவள் கதை பக்குனாவாவைப் பற்றியது. அவர்கள் ஊர்க் கடல் நாகம் அது. ஆதியில் வானத்தில் ஏழு சந்திரன்கள் இருந்தனவாம். அழகில் மயங்கிப் பக்குனாவா ஆறை விழுங்கிவிட்டது. ஏழாவதை விழுங்கப் போகும்போதெல்லாம் சனங்கள் சட்டி பானையைத் தட்டிச் சத்தம் போட, அது பயந்து கக்கிவிடும். லூர்துவின் கதையில் அந்த நாகம் ஐரோப்பாவுக்கு வந்து அகதி மனுக் கொடுக்கிறது. 'எந்தக் கடலைச் சேர்ந்தவன்?' என்று அதிகாரி கேட்கிறார். அதற்கு விடை தெரியாது. வயிற்றுக்குள் ஆறு சந்திரன்கள் வெளிச்சம் போடுகின்றன. நான் சிரித்தேன். சிரித்து முடிய, என் துண்டு பத்திரமாக இருக்கிறதா என்று சட்டைப்பையைத் தடவிப் பார்த்தேன்.

கதை நாகம் தட்டுத்தடுமாறி நிற்கும் இடம் மூன்று நாட்டு மூலை. ஆஹெனுக்கு மேற்கே ஒரு குன்றில் ஜேர்மனி, நெதர்லாந்து, பெல்ஜியம் மூன்றும் ஒரு கல்லில் சந்திக்கின்றன. கிரகணத்தை அங்கேயிருந்து பார்ப்பதென்று லூர்து முடிவு பண்ணியிருந்தாள். நெதர்லாந்து வழியாகப் போனால் கிட்ட. ஆனால் என் துண்டு ஆஹெனோடு முடிகிறது. ஆகவே ஜேர்மன் பக்கத்தால் காட்டுக்குள் நடக்க வேண்டும்.

4.15க்கு பில்ட்ஷன் போகும் பஸ். லூர்துவின் பைக்குள் இரண்டு சட்டி மூடிகள் கலகலத்தன. சேகர் தொலைநோக்கியைத் துடைத்துக்கொண்டே சொன்னான்: "நேத்து அம்மாவுக்கு போன் பண்ணி எழுப்பிட்டேன் சார், செம திட்டு. மூணரை மணி நேர வித்தியாசம்னு நெனச்சுட்டேன். இங்க க்ளாக்க மாத்தினதுலேர்ந்து நாலரையாச்சே."

நான் விரல்விட்டு எண்ணத் தொடங்கினேன்.

செப்டெம்பர் கடைசி ஞாயிறு இந்த நாட்டில் எல்லா மணிக்கூடுகளையும் ஒரு மணித்தியாலம் பின்னே திருப்பினார்கள். அன்றைக்கு ஒரு மணித்தியாலம் கூடுதலாக நித்திரை கொண்டேன், இலாபம் என்று நினைத்தேன். கடிதத்தில் கணக்குப் பண்ணும்போது இடைவெளி மூன்றரை, இன்றைக்கு நாலரை. சந்திரன் முழுக்கச் சிவப்பது யாழ்ப்பாணத்தில் பன்னிரண்டு பதினொன்றுக்கு. நான் எழுதியது பதினொன்று பதினொன்று! மணிக்கூட்டையே திருப்பத் தெரியாத ஊரில் பிறந்த பௌதிக வாத்தியார் செய்கிற பிழை இது.

நிலைமையை இருவருக்கும் சொன்னேன். எங்கள் வீட்டில் தொலைபேசி இல்லை. தந்தி போய்ச் சேர நாலு நாள். யாழ்ப்பாணத்தில் இருட்டினால் விளக்கைக் குறைத்துவிட்டு உள்ளே இருக்கிற காலம். ஆமி ஹெலிக்கொப்டர் சுற்றினால் முற்றத்தில் நிற்க முடியாது. வசந்தி என்னை நம்பிப் பிள்ளையை எழுப்பி வெளியே கொண்டுவருவாள். சந்திரன் வெள்ளையாகவே நிற்கும். அப்பா சொன்னது பொய் என்று தாரணி போய்ப் படுத்துவிடுவாள். அல்லது ஒரு மணித்தியாலம் அந்த வெளியில் நிற்பார்கள். இரண்டில் எது நடந்தாலும் குற்றவாளி நான்தான்.

பில்ட்ஷனில் இறங்கி ஏறத்தாழ மூன்று கிலோமீட்டர் நடை. பீச் மரங்கள் பழுத்து, காடு முழுக்க மஞ்சள். வளைந்த பெரிய மரம் ஒன்றைக் கடக்கையில் லூர்து தலையைக் குனிந்து "தாபி தாபி" என்றாள். அவள் ஊரில் காட்டுக்குள் போகிறவர் கண்ணுக்குத் தெரியாதவர்களிடம் 'சற்று வழிவிடுங்கள்' என்று கேட்பது வழக்கமாம். "ஜேர்மன் பூதத்துக்கு உன் பாஷை விளங்குமோ?" என்று வேறொரு நாளென்றால் கேட்டிருப்பேன். அன்று கேட்கவில்லை.

5.45. மூன்று நாட்டுக் கல். என் நெஞ்சளவு உயரம்கூட வராது. இதற்காகவா இத்தனை துண்டும் முத்திரையும் என்று வியந்துபோனேன். சனங்கள் பொரித்த உருளைக்கிழங்கைத் தின்றபடி கல்லைச் சுற்றி நடந்து, அரை நிமிஷத்தில் மூன்று நாடு போய்வருகிறார்கள். பெல்ஜியப் பக்கம் ஓர் உயரமான கோபுரம். ஏறினால் அப்போதே சந்திரனைக் கண்டிருக்கலாம்; கீழே மரங்கள் மறைத்தன.

"எனக்கும் பெல்ஜியம் விசா கெடையாது சார். ஆனா இங்க எவனும் கேக்க மாட்டான்" என்றான் சேகர்.

"கேட்டால் என்ரை கேஸ் முடிஞ்சுது, தம்பி."

அவனும் ஏறவில்லை. லூர்துவிடம் எல்லாப் பத்திரமும் இருந்தும் அவளும் ஏறவில்லை. மூவரும் கல்லுக்கு ஜேர்மன் பக்கத்தில் ஈர இலைகளின் மேல் உட்கார்ந்தோம்.

6.41. "இப்போது வெளியே வந்திருப்பார்கள்" என்றேன்.

"அவர்கள் என்ன பார்க்கிறார்கள்? சொல்லுங்கள். மேல் பாதி உங்களுடையது" என்றாள் லூர்து.

சொன்னேன். அங்கே சந்திரன் கிட்டத்தட்ட உச்சிக்கு நேரே. கழுத்தை முழுக்க நிமிர்த்த வேண்டும். நிழல் தொட்டுப் பன்னிரண்டு நிமிஷம். ஓர் ஓரம் மட்டும் கறுத்திருக்கும். அதற்கு மேல் சொல்ல எனக்கு எதுவும் இல்லை. நிற்பார்களா, போவார்களா என்பதற்குச் சூத்திரம் கிடையாது.

7.10க்கு மரங்களுக்கு மேலே சந்திரன் வந்தது. பாதிக்கு மேல் தின்னப்பட்ட சந்திரன். கல்லைச் சுற்றி நடந்தவர்களின் பேச்சு ஒவ்வொன்றாக நின்றது. 7.41க்குக் கடைசி வெள்ளிக் கீற்றும் போய், முழுவதும் செம்பு நிறமாயிற்று. தட்டையாகத் தெரிந்தது உருண்டு திரண்டு, கைநீட்டினால் எட்டும் என்பதுபோல் காட்டுக்கு மேலே தொங்கியது. அது வரை தெரியாத நட்சத்திரங்கள் சுற்றிவரப் பூத்தன. இருபது வருடம் கரும்பலகையில் இதைக் கீறியிருக்கிறேன். இப்படி இருக்கும் என்று எனக்குத் தெரியாது.

"அந்தச் செவப்பு எங்கேர்ந்து வருது சார்?" சேகர் கிசுகிசுத்தான்.

பூமியின் விளிம்பைச் சுற்றியுள்ள காற்றால் வளைந்து போகும் ஒளி அது. இந்த நிமிஷம் உலகில் எங்கெல்லாம் சூரியன் உதிக்கிறதோ, எங்கெல்லாம் மறைகிறதோ, அத்தனை விடியல்களும் அத்தனை அந்திகளும் சேர்ந்து சந்திரன் மேல் விழுகின்றன. யாழ்ப்பாணத்து முற்றத்திலும், விடிவதற்கு முன் பனாய்த் தீவின் கரையிலும் இதே சிவப்பு. முற்றத்தில் யாராவது நிற்கிறார்களா என்பது மட்டும் தெரியவில்லை.

லூர்து சட்டி மூடிகளை எடுத்து மடியில் வைத்திருந்தாள். தட்டவில்லை. "இன்றைக்குப் பக்குனாவா ஆற அமர விழுங்கட்டும். உங்கள் பிள்ளை இன்னும் பார்க்கவில்லையோ என்னவோ" என்றாள்.

8.20க்கு எழுந்தோம், நள்ளிரவுக்குள் நான் டுசல்டோர்ஃபில் நிற்க வேண்டும். சிவந்த சந்திரன் கிளைகளுக்கிடையே கூடவே வந்தது. வளைந்த மரத்தடியில் லூர்துவுக்கு முன் நானே "தாபி தாபி" என்றேன். அவள் திரும்பிப் பார்த்தாள், சிரிக்கவில்லை. பில்ட்ஷன் பஸ் தரிப்பில் நிற்கையில் சந்திரனின் ஓரத்தில் ஒரு வெள்ளைப் பொட்டு தெறித்தது. லூர்து இரண்டு மூடிகளையும் ஓங்கி அடித்தாள். ஒன்றை அவள் கையிலிருந்து வாங்கிச் சாவிக் கொத்தால் நானும் அடித்தேன், விடாமல், கண்ணீர் வழிய. பஸ் வந்து நின்றது. சாரதி கதவைத் திறந்து, "என்ன நடக்கிறது இங்கே?" என்றார்.

"சந்திரனை மீட்கிறோம்" என்றாள் லூர்து ஜேர்மன் மொழியில்.

அவர் கண்ணாடி வழியே எட்டிப் பார்த்தார். "சரி, பலித்துவிட்டது. ஏறுங்கள்."

லூர்துவின் பத்திரிகையில் அந்தப் பக்கம் நவம்பரில் வந்தது. கோட்டுக்கு மேலே என் பெயர். வசந்தியின் கடிதம் அதற்குப் பத்து நாள் பிந்தி வந்தது. நடேசண்ணைதான் தபால்பெட்டியிலிருந்து ஓட்டமாகக் கொண்டுவந்து தந்தார். அதிலிருந்து:

'நீங்கள் எழுதின நேரத்துக்குப் பிள்ளையை எழுப்பிக்கொண்டு வந்தன். சந்திரனிலை எலி கடிச்ச அளவுதான். அப்பா பொய் சொல்லிப்போட்டார் எண்டு அழத் தொடங்கிவிட்டாள். எனக்கு வேறை வழி தெரியேல்லை. பாம்புக் கதை சொல்லக்கூடாதெண்டு சட்டம் போட்டனீங்கள், மன்னிச்சுக்கொள்ளுங்கோ, அண்டைக்குச் சொல்லிப்போட்டன். இது நல்ல பாம்பு பிள்ளை, ஜேர்மனியிலை இருந்து வருது, அதுதான் சுணங்குது, அப்பாதான் வழிகாட்டி அனுப்பினவர் எண்டன். பாம்பு எந்தெந்தக் கடல் தாண்டுது, எங்கை களைச்சு நிண்டது எண்டு ஒரு மணித்தியாலம் சொன்னன். ஹெலி ஒண்டும் வரேல்லை. பன்னிரண்டு மணி தாண்டி முழுக்கச் சிவந்துது. பிள்ளை மூச்சுக் காட்டாமல் பார்த்தாள். பிறகு, இப்ப அப்பாவும் பார்க்கிறாரோ எண்டு கேட்டாள். ஓம் எண்டு சொன்னன். அது சரிதானே?'

கடிதத்தை மடித்துவிட்டு ஒரு தாள் எடுத்தேன். அடிமட்டம் வைத்து நடுவில் ஒரு கோடு கீறினேன். கோட்டுக்கு மேலே, 'ஓம், 7.41க்கு நானும் பார்த்துக்கொண்டிருந்தேன்' என்று எழுதினேன். கீழ்ப் பாதியை வெறுமையாக விட்டு, 'இது உனக்கும் பிள்ளைக்கும், எழுதி அனுப்புங்கோ' என்று ஓரத்தில் குறித்துத் தபாலில் சேர்த்தேன்.