மாமியார் கொடுத்த பள்ளிக்கூடச் சாவி

என் வீட்டுக்காரர் கிணத்துக்கடவுப் பக்கத்தில் ஜில்லா போர்டு பள்ளிக்கூட வாத்தியார். நான் இரண்டாம் வகுப்போடு நின்றவள். வாத்தியாரைக் கட்டிக்கொண்டதால் மீதிப் படிப்பும் எனக்கு வந்துவிட்டதென்று பீற்றிக்கொள்வேன். அந்தப் பீற்றல் ஒரே நாளில் அடங்கியது. அவரை, அப்போது எங்கள் ஜில்லாவிலேயே இருந்த கொள்ளேகாலத்து மலையடிவாரத்துக்கு மாற்றி உத்தரவு வந்தது.

அங்கே மலைக்காய்ச்சல். குழந்தையோடு போனவர்கள் குழந்தையோடு திரும்புவதில்லை என்று பேச்சு. என் மடியிலோ பல் முளைக்காத பையன்.

"என்ற பேரனைக் காச்சலுக்கு வாரிக் குடுக்கறதா? மாத்துனவனே போயிப் பாடம் நடத்தட்டும்" என்று மாமியார் போட்ட சத்தத்தில் எருமைகூட அன்று பால் விட யோசித்தது.

கோயமுத்தூர் வக்கீல் ஒருவர் வழி சொன்னார். முதலில் போர்டு பிரசிடெண்டுக்கு மனு. அவர் தள்ளினால் முன்சீப் கோர்ட்டில் தடை உத்தரவு.

"ஒண்ணே ஒண்ணுங்க வாத்தியாரே. பதில் வர்ற வரைக்கும் புதுசா வர்றவர் கையில பள்ளிக்கூடத்தை ஒப்படைச்சுப் போடாதீங்க. ஒப்படைச்சா மாறுதலை நீங்களே ஏத்துக்கிட்ட மாதிரி."

வீட்டுக்காரர் சாவியை மாமியாரிடம் கொடுத்து, "ஆரு கேட்டாலும் குடுக்காதீங்கம்மா" என்றார். அதைவிடப் பத்திரமான பூட்டு எங்கள் வீட்டில் கிடையாது. மாமியாரிடமிருந்து ஒரு பிடி கடலை வாங்கவே எனக்கு அரை நாள் ஆகும்.

மனு விஷயமாக இவர் மறுபடி கோயமுத்தூர் போயிருந்த அன்று நல்ல மழை. வாசலில் ஒரு மாட்டுவண்டி வந்து நின்றது. புது வாத்தியார், அவர் மனைவி, கம்பளிக்குள் ஒரு பெண் குழந்தை. எங்களை மாற்றிய அதே ஊர்ப் பள்ளிக்கூடத்திலிருந்துதான் வருகிறார்களாம். அந்தக் குழந்தை காய்ச்சலில் வெடவெடவென்று ஆடிக்கொண்டிருந்தது.

மாமியார் அதைப் பார்த்தார். பிறகு என் மடியைப் பார்த்தார். எங்கள் வீடு ஒற்றை அறை. காய்ச்சல் குழந்தையைப் பேரன் பக்கத்தில் படுக்கவைக்க அவருக்கு மனசில்லை. வந்தவர்களை மழையில் நிறுத்தவும் மனசில்லை.

"ஊட்டுல எடமில்லீங்க. பள்ளிக்கோடத்துல தங்கிக்கோங்க, சுடுசோறு கொண்டாரச் சொல்றேன்" என்று தன் இடுப்பு மடியிலிருந்து சாவியை எடுத்துக் கொடுத்துவிட்டார்.

நான் தடுப்பதற்குள் வண்டி பள்ளிக்கூடத்துப் பக்கம் திரும்பிவிட்டது.

இவர் திரும்பி வருவதற்குள், பள்ளிக்கூடப் பொறுப்பை ஏற்றுக்கொண்டதாக அந்த மனிதர் போர்டுக்குத் தபாலே போட்டுவிட்டார். சூதொன்றும் இல்லை. சாவி கையில் வந்தால் யாருமே அப்படித்தான் நினைப்பார்கள். இவர் செருப்பைக்கூடக் கழற்றாமல் வாசலிலேயே நின்றார்.

மறுநாள் குழந்தையும் கையுமாக எல்லோரும் வக்கீலிடம் ஓடினோம். அவர் சிரித்தார்.

"இன்னும் வழி இருக்குதுங்க. ஏனுங்கம்மா, தங்கறதுக்குத்தான் சாவி குடுத்தேன், ஒப்படைக்கலைன்னு பிரசிடெண்டுகிட்ட ஒரு வார்த்தை சொல்லிப் போடுங்க. போதும்."

அதுதான் உண்மையும். எனக்கு மூச்சு வந்தது.

"சொன்னா அந்தப் புள்ளை எங்க போகுமுங்க?" என்று கேட்டார் மாமியார்.

"பழைய ஊருக்கே திரும்பிப் போகோணும்."

"அப்ப நான் சொல்ல மாட்டனுங்க."

வக்கீலுக்குச் சிரிப்பு நின்றது. "அம்மா, நம்ம பையன்?" என்றார் இவர்.

"நம்ம பையனுக்கு நானிருக்கறேன். அந்தப் புள்ளையக் கண்ணால பாத்துப் போட்டேன் கண்ணு. பாக்காம இருந்திருந்தா கோர்ட்டுல ஏறிச் சத்தியமே பண்ணியிருப்பேன்."

என்னை யாரும் கேட்கவில்லை. கேட்டிருந்தால் என்ன சொல்லியிருப்பேனோ, இன்றைக்கும் தெரியவில்லை. பிள்ளையை இன்னும் இறுக்கிப் பிடித்துக்கொண்டேன்.

அங்கே போய் வேலையில் சேர்ந்துகொண்டு, அங்கிருந்தே மறுபடி மனுப் போடுவது ஒன்றுதான் மிச்சம் என்றார் வக்கீல். அப்படியே செய்தோம்; மாமியாரும் கூடவே வந்துவிட்டார். அடுத்த வருஷம்தான் அந்த மனு பலித்தது.

அதற்குள் காய்ச்சல் வராமல் இருக்குமா? வந்தது, மாமியாருக்கு. கட்டிலே ஆடும்படி நடுங்கிக்கொண்டிருந்தவரின் வாயில் மலைக்காய்ச்சலுக்கென்று தபாலாபீசில் விற்கும் கொய்னா மாத்திரையைப் போடப் போனேன். என் கையைப் பிடித்துக்கொண்டு கேட்டார்:

"பையனுக்குக் குடுத்துப்போட்டயா அம்மணி?"