பாலத்து மேட்டுக்கு அந்தப் பக்கம்

இட ஒதுக்கீடு கேட்டு மறியல் நடந்த நாட்கள் அவை. சாலையோரப் புளியமரங்களை வெட்டிக் குறுக்கே போட்டிருந்ததால் கள்ளக்குறிச்சியிலிருந்து எந்தப் பக்கமும் பஸ் ஓடவில்லை. தியாகதுருகத்தில் சித்தப்பா மகளுக்கு நிச்சயதார்த்தம். எங்களை அழைத்துப் போக அண்ணன் முந்தின நாளே மோட்டார் சைக்கிளில் வந்துவிட்டான். காலையில் அவன் தன் வண்டியில் கிளம்ப, நான் என் கணவரின் வண்டியில் பின்னால் உட்கார்ந்தேன். கல்யாணமான புதிது.

ஊரைத் தாண்டியதும் சாலை வெறிச்சென்று நேராகக் கிடந்தது. முன்பு வெட்டிப் போட்டிருந்த மரங்களைப் போலீஸ்காரர்கள் ஓரம் தள்ளியிருந்தார்கள். அண்ணன் வண்டியை நிறுத்தினான்.

“இன்னா மாப்ள, அந்தப் பாலம் வரைக்கும் வுட்டுப் பாக்கலாமா? ஒரு லாரி கெடையாது இன்னிக்கு.”

இவர் சிரித்தார்.

“வேணாங்க. நல்ல காரியத்துக்குப் போய்க்கினு இருக்கோம்” என்றேன்.

“நீ எறங்கி நில்லும்மா. தோ, வந்துடறோம்” என்றான் அண்ணன்.

இறங்கினேன். இரண்டு வண்டிகளும் ஒன்றாகச் சீறின. யார் தோற்றாலும் சரி, பாலத்தில் நின்றுவிட்டால் போதும் என்று வேண்டிக்கொண்டேன். நிற்கவில்லை. பாலத்து மேட்டில் அண்ணன் முதலில் மறைந்தான், பின்னாலேயே இவர். தகரம் நசுங்குவது போல ஒரு சத்தம். அப்புறம் எந்தச் சத்தமும் இல்லை.

பட்டுப்புடவையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு ஓடினேன். அங்கே யாரைப் பிணமாகப் பார்க்கப் போகிறேனோ.

மேட்டுக்கு அந்தப் பக்கம், விடியற்காலையில் வெட்டிய மரமொன்று பச்சை இலையோடு குறுக்கே கிடந்தது. இவர் கரும்புக் கொல்லையில் விழுந்து, ரத்தம் வழியும் கையோடு எழ முயன்றுகொண்டிருந்தார். அண்ணன் கிளைகளுக்குள் கிடந்தான். வலது கால் திரும்பக் கூடாத பக்கம் திரும்பியிருந்தது.

மரத்தை வெட்டியவர்கள் ஓடி வந்தார்கள். கோடாலி பிடித்திருந்தவர் அதைக் கீழே போட்டார்.

“வண்டி எதுவும் வராதுன்னுதாம்மா போட்டோம்.”

அவர்களே கிளைகளைக் கழித்து அவனை வெளியே எடுத்தார்கள். கயிற்றுக் கட்டிலில் கிடத்தி, கள்ளக்குறிச்சி ஆஸ்பத்திரி வரைக்கும் தோள் மாற்றிச் சுமந்தார்கள். நான் அடிக்கொரு தரம் அண்ணன் மூக்கருகே விரலை வைத்துப் பார்த்துக்கொண்டே கூட ஓடினேன்.

அவன் பிழைத்துக்கொண்டான். கால்தான் குட்டையாகிவிட்டது, இன்றும் சாய்ந்து நடக்கிறான்.

அன்று ஆஸ்பத்திரி வராந்தாவில் இவர் மெதுவாகச் சொன்னார்: “நான்தான் முந்தணும்னு பாத்தேன். வண்டி இழுக்கல.”

இழுத்திருந்தால் அந்தக் கிளைகளுக்குள் இவர் கிடந்திருப்பார். கட்டுப் போடாத அவர் கையை இறுகப் பிடித்துக்கொண்டேன். விடச் சொன்னபோதும் விடவில்லை.