ஆஸ்பத்திரி முற்றத்துச் சிவப்பு மரம்

ஐந்தாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவன் நான். இன்று லண்டன் தோர்ண்டன் ஹீத்தில் எனக்கு மூன்று கடைகள். யாருக்கும் பதில் சொல்ல நான் திணறியதில்லை, அந்த ஒரு மனிதரைத் தவிர.

போன இலையுதிர்காலத்தில், முழங்கால் சத்திரசிகிச்சைக்குப் பிறகு ஆஸ்பத்திரி முற்றத்தில் நடந்து பழகினேன். அங்கே ஒரு சின்ன ஜப்பான் மேப்பிள் மரம் இலையெல்லாம் குங்குமச் சிவப்பாக நின்றது. போகிறவர்கள் நின்று படம் பிடிப்பார்கள். நம்மவர் ஒருவர், ஒல்லியான ஆள், அதன்கீழ் குனிந்து, விழுந்த இலைகளைப் பொறுக்கிக் கோட்டுப் பைக்குள் போடுவார்.

“தம்பி, கூட்டுறதுக்கு இங்க ஆக்கள் இருக்கினம்.”

“அந்த ஜன்னலுக்குள்ள என்ர மனுசி படுத்திருக்கிறா, அண்ணை. ஊரிலயிருந்து வந்து ஒரு வருசமும் ஆகேல்லை. மரம் பூத்திருக்கு எண்டு நினைக்கிறா. உதிர்ந்து கிடக்கிறதைக் கண்டா பூ இல்லை எண்டு விளங்கிடும்.”

“இலை எண்டு சொல்லுறதுதானே?”

“இது காய்க்கிறதைப் பாத்திட்டுத்தான் போவன் எண்டு சொல்லுறா. எப்பிடிச் சொல்ல?”

“கவலைய விடும். என்ர கடை வான் வண்டியில இதைவிடப் பெரிய மரமாக் கொண்டந்து இறக்கிறன்!”

“வேண்டாம் அண்ணை. இது நிண்டாப் போதும்.”

அடுத்த கிழமை போனபோது மரம் மொட்டையாக நின்றது. இலைகள் நிலமெங்கும் கிடந்தன. அவர் மரத்தடி வாங்குப் பலகையில் சும்மா இருந்தார். ஜன்னலுக்குள் வேறு யாரோ படுத்திருந்தார்கள்.

“காய்க்கேல்லை, அண்ணை,” என்றார்.

பக்கத்தில் இருந்தேன். மூன்று கடை முதலாளிக்கு ஒரு சொல் கிடைக்கவில்லை. இன்றைக்கும் அதைத் தேடிக்கொண்டுதான் இருக்கிறேன்.